இஸ்மாயில் பாயின் வெள்ளீயமும் நான் போட்ட வகுத்தலும்

ஒரு வகுத்தலைத் தவறாகப் போட்டேன். அதனால் ஒரு மனிதரின் பிழைப்பு போயிற்று. தவறு என்று தெரிந்த பிறகும் ஒரு மழைக்காலம் முழுவதும் வாயைத் திறக்காமல் இருந்தேன். வகுத்தல் தப்பிப்போவது யாருக்கும் நேரும். வாயைத் திறக்காமல் இருந்தது நான் செய்தது.

ஆய்வுக்கூடத்தில் புதிதாகச் சேர்ந்திருக்கும் நீங்கள், உங்கள் மலருக்காகப் பணி அனுபவம் ஏதாவது எழுதித் தரும்படி கேட்டீர்கள். பாலில் கலப்படம் பிடித்த கதை, நெய் வியாபாரி ஒருவர் என்னை ஏமாற்றப் பார்த்த கதை என்று சிரிக்கக்கூடியவை பல உண்டு. எழுத உட்கார்ந்தேன். இதை எழுதாமல் அவற்றை எழுத மனம் வரவில்லை.

அப்போது யுத்தம் நடந்துகொண்டிருந்தது. மயிலாப்பூரில் லஸ் பக்கத்தில் ஒரு மாடியில் எங்கள் ஆய்வுக்கூடம். எண்ணெய், நெய், கிணற்றுத் தண்ணீர், மருந்துச் சரக்கு என்று எது வந்தாலும் சோதித்து அறிக்கை தருவோம். ரசாயனத்தில் பட்டம் வாங்கிய கையோடு அங்கே தற்காலிகமாகச் சேர்ந்தேன். தியாகராய நகரில் வாடகை வீடு. அப்பா இல்லை. அம்மாவும் இரண்டு தங்கைகளும் என் சம்பளத்தை நம்பி இருந்தார்கள். வேலை எப்போது நிரந்தரமாகும் என்று அம்மா கேட்பதில்லை. காப்பி கொடுக்கும்போது என் முகத்தைப் பார்ப்பார், அவ்வளவுதான்.

தினமும் டிராமிலிருந்து இறங்கி மாட வீதி வழியாக நடப்பேன். வீதி முனையில் ஒரு மதில் ஓரமாக இஸ்மாயில் பாய் உட்கார்ந்திருப்பார். பித்தளைப் பாத்திரங்களுக்கு ஈயம் பூசுபவர். தரையில் ஒரு குழி, குழியில் கரி, அதற்குப் பக்கத்தில் துருத்தி. துருத்தியை இழுப்பது அவர் மனைவி கதீஜா பீ. உங்களில் பலர் எவர்சில்வரில் வளர்ந்தவர்கள், அதனால் சொல்கிறேன். பித்தளையில் புளி பட்டால் கைத்துப் பச்சை பிடித்துவிடும். ஆகவே உள்பக்கம் வெள்ளீயம் பூசாமல் எந்த வீட்டிலும் ரசம் வைக்க மாட்டார்கள். பாத்திரத்தைச் சூடாக்கி, நவச்சாரப் பொடி தூவி, ஈயக் குச்சியை ஒரு இழுப்பு இழுத்துத் துணியால் துடைப்பார் பாய். வெண்புகை கலையும்போது உள்ளே வெள்ளி மாதிரி மின்னும். தினம் பார்த்தும் எனக்கு அலுக்காத காட்சி அது.

பாய்க்கு என்னைத் தெரியும். மாதிரிக் குப்பிகளோடு போகிறவன் என்பதால் நான் அவருக்கு 'பாட்டில் தம்பி'.

"இன்னா தம்பி, தண்ணி பாட்டில எடுத்துக்கினு இம்மாம் வேகமா போற? யாருக்கு ஜொரம்?" என்பார்.

"கெணத்துக்கு ஜொரம், பாய்."

"அப்போ கெணத்துக்கு ஊசி போடு. பாவம், அதும் எத்தினி நாள் தாங்கும்" என்பார் கதீஜா பீ, துருத்தியிலிருந்து கையெடுக்காமல்.

மலாயா ஜப்பான்காரன் கைக்குப் போனபின் வெள்ளீயம் வருவது நின்றுவிட்டது. விலை ஏறியது. ஈயம் பூசுகிறவர்கள் மலிவான காரீயத்தைக் கலக்கிறார்கள் என்று ஊரில் ஒரு பேச்சு கிளம்பியது. காரீயம் உடம்பில் சேரும் விஷம் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. வதந்தி இருந்தது, பெயர்தான் இல்லாமல் இருந்தது. அந்தப் பெயரை நான் கொடுத்தேன்.

மாட வீதியில் ஒரு வக்கீல் வீட்டுக் கல்யாணம். சாப்பிட்டவர்களில் பலருக்கு வாந்தி. பிள்ளை வீட்டார் சமையல்காரரைப் பிடித்துக்கொண்டார்கள். அவர் பாத்திரத்தைக் கை காட்டினார். பாத்திரத்துக்கு ஈயம் பூசியது இஸ்மாயில் பாய். மறுநாள் காலையில் ரச அண்டா ஜட்கா வண்டியில் எங்கள் ஆய்வுக்கூடத்துக்கு வந்து இறங்கியது. கூடவே வக்கீலின் குமாஸ்தாவும் வந்தார்.

எங்கள் தலைமை ஆய்வாளர் அன்று சாட்சி சொல்லக் கோர்ட்டுக்குப் போயிருந்தார். அவரை நாங்கள் எல்லோரும் சார் என்றுதான் சொல்வோம், இங்கேயும் அப்படியே சொல்கிறேன். சார் இல்லாததால் வேலை என் கைக்கு வந்தது. அண்டாவின் உள்பூச்சைச் சுரண்டி எடுத்துக் கரைத்து, காரீயம் இருந்தால் பழுப்பு நிறம் காட்டும் சோதனையைச் செய்தேன். குழாயில் வந்த நிறம் மிக லேசானது. நிறைய தண்ணீர் விட்ட டீ மாதிரி. அதை என் கண் பார்த்தது. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

குமாஸ்தா வாசல் பெஞ்சில் உட்கார்ந்து குடையால் தரையைத் தட்டிக்கொண்டிருந்தார்.

"சார், ஆத்துல எல்லாரும் காத்துண்டிருக்கா. பிள்ளையாத்துக்காரா சாயங்கால ரயிலுக்குக் கெளம்பறா. அதுக்குள்ள பேப்பர் கையில இல்லேன்னா பொண்ணை அழைச்சுண்டு போக மாட்டாளாம்."

"இதோ ஆச்சு."

"இதோ இதோன்னே மத்தியானம் ஆயிடுத்து. ஒரு கணக்குக்கு இத்தனை நாழியா?"

சுரண்டி எடுத்த பூச்சின் எடை 4.6 × 10⁻² கிராம். அதில் கண்ட காரீயம் 2.3 × 10⁻⁵ கிராம். இரண்டாவதை முதலாவதால் வகுக்க வேண்டும். இவ்வளவுதான் வேலை.

2.3 என்பது 4.6-இல் பாதி. இதைப் பார்க்க ஒரு கணம் போதும். நான் பார்க்கவில்லை. அந்தக் காலத்தில் கணிப்பான் கிடையாது, எதற்கும் லாகரிதம் புத்தகம்தான். அதைப் புரட்டுவதில் எனக்கு ஒரு மிடுக்கும் உண்டு. குமாஸ்தா பார்க்கட்டும் என்றே பெரிதாக விரித்தேன்.

லாகரிதத்தில் பத்தின் கழித்தல் அடுக்கைத் தலையில் கோடு போட்டு எழுதுவோம், 'பார் ஐந்து', 'பார் இரண்டு' என்று. மேலே பார் ஐந்தும் .3617-உம். கீழே பார் இரண்டும் .6628-உம். லாகரிதத்தில் வகுப்பது என்றால் மேலே உள்ளதிலிருந்து கீழே உள்ளதைக் கழிப்பது. மேலே உள்ள பின்னம் சிறியது, ஆகவே பக்கத்திலிருந்து ஒன்று கடன் வாங்க வேண்டும். சாதாரண ஐந்திடம் ஒன்று வாங்கினால் நான்கு மிஞ்சும். பார் ஐந்து என்பது கழித்தல் ஐந்து. அதிலிருந்து ஒன்று எடுத்தால் கழித்தல் ஆறு, அதாவது பார் ஆறு. சிறு வயதிலிருந்து கடன் வாங்கிப் பழகிய கை பார் நான்கு என்று எழுதிவிட்டது. கோட்டைக் கை மறந்துவிட்டது. அதிலிருந்து பார் இரண்டைக் கழித்தேன். விடை நூற்றில் ஐந்து என்று வந்தது. வர வேண்டியது பத்தாயிரத்தில் ஐந்து.

பத்தாயிரத்தில் ஐந்து என்றால் நல்ல வெள்ளீயம். நூற்றில் ஐந்து என்றால் தெரிந்தே கலந்தது.

சார் திரும்பி வந்தார். களைத்திருந்தார். விடையை மட்டும் பார்த்துவிட்டு, "அஞ்சா? பாவி" என்று முனகிக் கையெழுத்துப் போட்டார். பிள்ளை வீட்டார் சமாதானமாகி மருமகளை அழைத்துக்கொண்டு ரயில் ஏறினார்கள். வக்கீல் வீட்டிலிருந்து எங்களுக்கு ஒரு கூடை பட்சணம் வந்தது. நானும் சாப்பிட்டேன்.

அந்த வாரத்தில் ஒரு காலை, மாட வீதியில் பாய் தனியாக உட்கார்ந்திருந்தார். குழியில் நெருப்பு இல்லை. பக்கத்தில் ஒரு பாத்திரமும் இல்லை.

"தம்பி, நீ பாட்டில்காரன் ஆச்சே. எனக்கு ஒண்ணு சொல்லு. ஏதோ பரிச்சை பண்ணி என் ஈயத்துல விஷம் கீதுன்னு எழுதிட்டாங்களாம். எங்க பண்றாங்க அத்த? எனக்கு மின்னால ஒருவாட்டி பண்ணிக் காட்டச் சொல்லேன்."

"அதெல்லாம் வெளியில சொல்லக் கூடாது, பாய்."

"நான் வெளியாளா? ஈயம் என்னுது தானே?"

நான் நடந்தேன். அன்றைக்கு எனக்கு என் தவறு தெரியாது. ஆனால் அந்தக் கேள்வி நியாயமானது என்று தெரிந்தது. அவரிடம் காட்ட ஒரு சிட்டிகைப் பூச்சுகூட நாங்கள் மிச்சம் வைக்கவில்லை. எடுத்தது முழுவதையும் கரைத்துவிட்டோம். அண்டாவையும் வக்கீல் வீட்டார் அதற்குள் தேய்த்துக் கழுவி வேறு ஒருவரிடம் பூசக் கொடுத்துவிட்டார்கள்.

சில நாளில் அந்த இடம் காலியாயிற்று. குழியை யாரோ மண் போட்டு மூடியிருந்தார்கள். அதைத் தாண்டிப் போகும்போது எனக்கு என்ன தோன்றியது என்பதையும் சொல்லிவிட வேண்டும். பெருமையாக இருந்தது. நாம் எழுதிய ஒரு எண் தெருவையே சுத்தம் செய்துவிட்டது என்று நினைத்தேன்.

ஐப்பசி மழை தொடங்கிய சமயம் அடையாறிலிருந்து ஒரு பலகாரக் கடைப் பாத்திரம் வந்தது. அதே சோதனை. இந்த முறை குழாயில் வந்த நிறம் கருப்பு. வடிகட்டியில் முதலில் இறங்கும் காப்பி டிகாக்ஷன் மாதிரி, பின்னால் வைத்த விரல் தெரியவில்லை. கணக்குப் போட்டேன். நூற்றில் ஐந்து.

அந்த விடையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். பாயின் ஈயமும் நூற்றில் ஐந்து. ஆனால் அன்றைக்கு அந்தக் குழாயின் வழியாக நான் எதிர்ச் சுவரில் இருந்த ஆணியைப் பார்த்திருந்தேன். எடுத்த பூச்சும் ஏறக்குறைய ஒரே அளவு. ஒரே விடைக்கு இரண்டு நிறம் எப்படி வரும்?

பழைய எண்களை எடுத்துப் பார்த்தேன். 2.3, 4.6. பாதி. மேலே கழித்தல் ஐந்து, கீழே கழித்தல் இரண்டு. கீழே உள்ளதைக் கழிப்பது என்றால் இரண்டைக் கூட்டுவது, ஆகவே கழித்தல் மூன்று. ஆயிரத்தில் அரை. பத்தாயிரத்தில் ஐந்து. புத்தகம் வேண்டாம், தாள் வேண்டாம், மூச்சு விடும் நேரத்தில் வந்துவிட்டது.

அப்போதே எழுந்து சாரின் அறைக்குப் போயிருக்க வேண்டும். சார் வேலையாக இருக்கிறார் என்று சொல்லிக்கொண்டேன். மறுநாள் மழை என்று சொல்லிக்கொண்டேன். பாய்தான் போய்விட்டாரே, இனிச் சொல்லி என்ன பயன் என்றும் சொல்லிக்கொண்டேன். உண்மை இதுதான்: தை மாதம் என் வேலை நிரந்தரமாவதாக இருந்தது. அம்மா தங்கைக்கு வரன் பார்க்கத் தொடங்கியிருந்தார். மழை விடாமல் பெய்த நாட்களில், ஈயம் பூசுகிறவர்கள் மழையில் என்ன செய்வார்கள் என்ற நினைப்பு வரும். வந்ததும் வேறு ஏதாவது வேலையில் இறங்கிவிடுவேன்.

தை மாதம் சார் கூப்பிட்டார். மேசைமேல் உத்தரவு இருந்தது.

"உனக்கு நிரந்தரம். எனக்கு ஒரு தயக்கம் இருந்தது, வயசு சின்னதுன்னு. அந்த வக்கீல்தான் மேலிடத்துல சொல்லி முடிச்சார். அந்த அண்டா அறிக்கையைப் பத்தி ஊரெல்லாம் சொல்லிண்டிருக்கார். அதுக்குத்தான் இந்த வேலைன்னு வெச்சுக்கோயேன்."

கை நீட்டினேன். உத்தரவை எடுக்க முடியவில்லை.

"என்னப்பா?"

"அந்த அறிக்கை தப்பு, சார்."

சொல்லிவிட்டேன். குழாயின் நிறம், பார் ஐந்து, எப்போது தெரிந்தது என்பது, எல்லாவற்றையும். முடித்ததும் சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"ரெண்டு எண்ணையும் சொல்லு."

சொன்னேன்.

"பாதி" என்றார் உடனே. கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "இதை நான் அன்னிக்குக் கேட்டிருக்கணும். எண்ணைக் கேக்காம விடையில கையெழுத்துப் போட்டேன். உன் தப்புக்குக் கீழே என் பேர் இருக்கு."

"நான் ராஜினாமா..."

"அது சுலபம். நீ ஆத்துக்குப் போயிடுவே. அவருக்கு என்ன ஆகும்?" உத்தரவை எடுத்து டிராயரில் வைத்தார். "இது இங்கேயே இருக்கட்டும். திருத்தின அறிக்கையில ரெண்டு பேரும் கையெழுத்துப் போடுவோம். நீயே எடுத்துண்டு போ. முதல்ல வக்கீல். அப்புறம் அந்த பாய். அவரைப் பார்க்காம திரும்பி வராதே."

வக்கீல் தாளை இரண்டு முறை படித்தார்.

"உம்ம அறிக்கையை நம்பித்தான் நாங்க பேசினோம். இப்போ மாத்திண்டு வந்து நிக்கறேள். இதைப் பிள்ளையாத்துல காட்டினா என்ன ஆகும் தெரியுமா? முடிஞ்ச விஷயம். வெச்சுட்டுப் போம்."

"அவரை யாரும் இனிமே குத்தம் சொல்லலேன்னு நீங்க ஒரு வார்த்தை..."

"யார் இப்போ குத்தம் சொல்றா? அவன்தான் இங்கே இல்லையே!"

படி இறங்கினேன். வக்கீலின் மனைவி கொல்லைப்பக்கமாக வந்து வேலியோரம் நின்றார். "பாயைப் பார்த்தேள்னா..." என்று தொடங்கினார். உள்ளேயிருந்து கூப்பிட்டார்கள். போய்விட்டார்.

பாயைத் தேடுவது சுலபமாக இல்லை. மாட வீதிப் பூக்காரம்மாள் சைதாப்பேட்டை என்றாள். சைதாப்பேட்டையில் ஆற்றோரக் குடிசைகளில் கேட்டேன், மாம்பலம் பக்கம் போய்விட்டார்கள் என்றார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை மேற்கு மாம்பலத்தில், ரயில் நிலையத்துக்குப் பின்னால் ஒரு சந்தில், நவச்சாரப் புகையை முதலில் மூக்கு கண்டுபிடித்தது. பிறகு கதீஜா பீயைக் கண்டேன். இளைத்திருந்தார். துருத்தி அதே துருத்தி.

"யாரு, பாட்டில் தம்பியா? இன்னா, இங்கியும் எதுனா வெசம் கெடச்சுதா?"

"பாய்கிட்ட ஒண்ணு சொல்லணும்மா."

"சொல்லேன். எதிர்லதானே கீறாரு."

பாய் ஒரு சிறிய சொம்பைத் துடைத்துக்கொண்டிருந்தார். மயிலாப்பூரில் அண்டாக்களைப் பூசிய கை. "ஒக்காரு தம்பி. நீ நின்னா வெளிச்சம் மறையுது" என்றார்.

உட்கார்ந்தேன். "அந்தப் பரிட்சை பண்ணது நான்தான், பாய். உங்க ஈயம் நல்ல ஈயம். கணக்கு போடறப்போ தப்பு பண்ணிட்டேன். இருக்கறதைவிட நூறு மடங்கு ஜாஸ்தியா எழுதிட்டேன்."

அவர் கை நின்றது. "நூறா?"

"ஆமாம்."

"ஒண்ணு ரெண்டு தப்பினா சரி. நூறு எப்படிப்பா தப்பும்?" உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்டார். எப்படித் தப்பும் என்று சொல்ல வாயெடுத்தேன். பார் ஐந்தையும் பார் ஆறையும் அந்த இடத்தில் எந்த வார்த்தையில் சொல்வது?

"அவசரத்துல, பாய்" என்றேன்.

கதீஜா பீ கேட்டார்: "எப்போ தெரிஞ்சுது உனுக்கு?"

போன வாரம் என்று சொல்லியிருக்கலாம். அவர்களுக்கு எப்படித் தெரியப் போகிறது? நாக்கு நுனிவரை வந்தது.

"மழை ஆரம்பிக்கறப்போ."

துருத்தி நின்றது. "அப்பவேவா? மழை பூரா நாங்க ஆத்தோரம் ஒழுகுற குடிசையில கெடந்தோம் நைனா. கரி நனைஞ்சு போச்சு. இவரு துணி மூட்டை தூக்கினாரு. நீ எங்க இருந்த?"

"வீட்ல."

"நனையலியே?"

"விடு கதீஜா" என்றார் பாய்.

"இன்னாத்த விடறது? கேக்கறதுகூட தப்பா?"

"தப்பில்லேம்மா. கேளுங்க" என்றேன். கதீஜா பீ முகத்தைத் திருப்பிக்கொண்டு துருத்தியை இழுத்தார். நெருப்பு வேண்டாத அளவுக்குச் சீறியது.

திருத்திய அறிக்கையை நீட்டினேன். பாய் வாங்கவில்லை.

"இந்தக் காய்தம் எனக்கு எதுக்கு? நான் படிக்கவா போறேன்? பேர வாயாலதான் கெடுத்தாங்க. வாயாலயே சொல்லு. எந்தெந்த வூட்ல எனக்குப் பாத்திரம் போட்டாங்களோ அந்தந்த வூட்டு வாசல்ல வந்து சொல்லு. நானும் கூட நிக்கறேன்."

போனோம். மாட வீதிகளில் ஒவ்வொரு வாசலிலும் நான் முன்னால், பாய் ஒரு அடி பின்னால். ஒவ்வொரு வாசலிலும் ஒரே வார்த்தைகள்: "இவரோட ஈயத்துல கலப்படம் இல்லை. கணக்குத் தப்பு என்னுது." முதல் வாசலில் குரல் எழும்பவில்லை. பாய் பின்னாலிருந்து, "கொஞ்சம் சத்தமா தம்பி. கெட்ட சேதி சொல்றப்ப ஊருக்கே கேட்டுச்சு" என்றார்.

ஒரு வீட்டில் கேட்டுவிட்டுக் கதவைச் சாத்தினார்கள். ஒரு மாமி தலையில் கை வைத்துக்கொண்டு, "கணக்குத் தப்புக்கா இந்த மனுஷனை விரட்டினோம்! பாய், உங்களை அனுப்பிச்சதுலேர்ந்து எங்காத்து ரசம் வாயில வெக்க முடியலை. இருங்கோ, போயிடாதீங்கோ" என்று உள்ளே ஓடி ஒரு பாத்திரத்தோடு வந்தார். இன்னொரு வீட்டில் ஒரு பெரியவர் என்னை மடக்கினார்.

"அப்படின்னா அன்னிக்கு எல்லாரும் வாந்தி எடுத்தது எதனாலே?"

"தெரியாது சார்."

"தெரியாதுன்னா? நீர்தானே சோதிச்சீர்?"

"ஈயத்தைத்தான் சோதிச்சேன். அது ஈயத்தினால இல்லேன்னு மட்டும் தெரியும்."

அவருக்கு அந்தப் பதில் பிடிக்கவில்லை. ஆனால் என் வாழ்க்கையில் நான் கொடுத்த முதல் நல்ல அறிக்கை அதுதான் என்று இன்றும் நினைக்கிறேன்.

வக்கீல் வீட்டு வாசலிலும் நின்று சொன்னேன். யாரும் வெளியே வரவில்லை. நாங்கள் தெருமுனை திரும்பும்போது அந்த வீட்டு வேலைக்காரி ஓடி வந்து ஒரு பித்தளைப் பானையைப் பாயின் கையில் கொடுத்தாள். "அம்மா பூசித் தரச் சொன்னாங்க. கொல்லைப் பக்கமா கொண்டாரச் சொன்னாங்க." பாய் பானையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இதுக்குப் பூச வேண்டியதே இல்லியே, பூச்சு புதுசா கீதே" என்றார். பிறகு தோளில் வைத்துக்கொண்டார்.

எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைக்காதீர்கள். மதில் ஓரத்து இடத்தில் ஒரு வாழை இலைக்காரர் கடை போட்டிருந்தார். அவரை எழுப்ப பாய் சம்மதிக்கவில்லை. "அவனுக்கும் வயிறு கீது" என்றார். மாம்பலத்திலேயே இருந்துவிட்டார். மயிலாப்பூர் வீடுகளில் கொஞ்சம் திரும்பி வந்தன, பெரும்பாலானவை வரவில்லை. ஒரு பாதிப் பிழைப்பு மிஞ்சியது. அந்த மழைக்காலத்தை நான் திருப்பிக் கொடுக்கவே இல்லை. அதற்கு வழியும் இல்லை.

சார் உத்தரவை அடுத்த தைவரை டிராயரிலேயே வைத்திருந்தார். அதற்குள் ஆய்வுக்கூடத்தில் இரண்டு மாற்றங்கள் செய்தோம். கழித்தல் அடுக்கு உள்ள எந்த வகுத்தலையும், புத்தகத்தைத் தொடுமுன் வாயால் சொல்லித் தோராய விடையைத் தாளின் மேல்மூலையில் எழுத வேண்டும். 'பெரியதால் சிறியதை வகுக்கிறேன், அடுக்கு இவ்வளவு வர வேண்டும், குழாயின் நிறம் இப்படி இருந்தது' என்று. கூட்டல் கழித்தல் குறியைத் தப்பாக அழுத்தினாலும் உங்கள் கணிப்பான் கேள்வி கேட்காமல் விடை தரும். ஆகவே அந்த மேல்மூலை உங்களுக்கும் வேண்டும். மற்றொன்று, வரும் மாதிரியை மூன்றாகப் பிரிப்போம். ஒன்று எங்களுக்கு, ஒன்று புகார் சொல்பவருக்கு, ஒன்று யார்மேல் புகாரோ அவருக்கு. 'ஈயம் என்னுது தானே' என்று கேட்பவரின் கையில் கொடுக்க ஏதாவது இருக்க வேண்டும்.

இதைப் பாயிடம் சொன்னேன். அவர் சிரித்தார். அடுத்த முறை எங்கள் வீட்டுப் பாத்திரத்தைப் பூசி முடித்ததும், உருகிய ஈயத்தில் ஒரு சொட்டைத் தண்ணீரில் விட்டார். சுர்ரென்று உறைந்த துளியை எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார்.

"இந்தா, உன் பங்கு. பாத்திரத்துல சுரண்டாத, கீறல் வுழும். இத்தக் கரைச்சுப் பாரு."

பிறகு எல்லா வீட்டிலும் அப்படிக் கொடுக்க ஆரம்பித்தார். மேற்கு மாம்பலத்தில் அந்த ஈயத் துளி இல்லாமல் பெண்கள் பாத்திரத்தை வாங்க மாட்டார்கள் என்று ஆயிற்று. "பாய், பொட்டு எங்கே?" என்பார்கள்.

எனக்குக் கொடுத்த துளிகளைக் கொண்டுபோய்ச் சோதிப்பேன். அடுத்த முறை போகும்போது கதீஜா பீதான், துருத்தியைப் பார்த்தபடி, கேட்பார்.

"எத்தினி?"

"பத்தாயிரத்துல அஞ்சு."

"போனவாட்டியும் அதான் சொன்ன."

"போனவாட்டியும் நல்ல ஈயம்தானே."

"பாருங்க, தொரைக்குக் கணக்கு வந்துடுச்சு" என்பார் கணவரிடம். என்னைப் பார்த்துச் சொல்ல மாட்டார். ஆனாலும் அந்தக் குரலில் பழைய மாட வீதிக் கேலி கொஞ்சம் திரும்பியிருந்தது.

யுத்தம் முடிந்து சில காலம் கழித்துத் தங்கைக்குக் கல்யாணம் வந்தது. அத்தனை பாத்திரமும் பாய்தான் பூச வேண்டும் என்றேன். அம்மா ஒரு வார்த்தை கேட்கவில்லை. எங்கள் வீட்டுப் பின்கட்டில் குழி தோண்டி இருவரும் பகல் முழுவதும் வேலை செய்தார்கள். வெயில் சாயும்போது கடைசியாக ரச அண்டா. பாய் துடைத்துவிட்டு நகர்ந்தார். நான் குனிந்து பார்த்தேன். என் முகம் உள்ளே தெரிந்தது.

பாய் துளியைத் தண்ணீரில் விட்டார். அவர் எடுக்குமுன் கதீஜா பீ எடுத்துவிட்டார். முந்தானையில் துடைத்து என்னிடம் நேராக நீட்டினார். அந்த மாம்பலத்துச் சந்துக்குப் பிறகு என் முகத்தைப் பார்த்து அவர் பேசியது அப்போதுதான்.

"இத்தக் கரைக்காத நைனா. வெச்சுக்கோ."

கரைக்கவில்லை. இப்போதும் நான் எழுதும் மேசையில், தாள்கள் பறக்காமல் இருக்க அதை வைத்திருக்கிறேன். அந்த அளவு சிறிய துளிக்குத் தாளை அடக்கும் எடை கிடையாது. ஆனாலும் அங்கேதான் இருக்கிறது. அதில் காரீயம் எவ்வளவு என்று நீங்கள் கேட்டால், தெரியாது என்றுதான் சொல்வேன்.